எல்லைக் கல்லின் ஆறு குழிகள்

வணக்கம் நேயர்களே. சென்ற காணொளியில் Eyam என்ற இந்த ஊரின் பெயரை எழுத்துக்கூட்டி ‘ஏயாம்’ என்று படித்தது என் பிழை. இங்கிலாந்தின் டெர்பிஷயர் மக்கள் இதை ‘ஈம்’ என்றே சொல்கிறார்கள். ஈமக்கடன் என்ற சொல்லை நினைவூட்டும் இந்த ஒலி இந்த ஊருக்கு இவ்வளவு பொருந்திவிட்டதே என்று எனக்கு இன்னும் வியப்பாக இருக்கிறது.

வண்டி நிறுத்தும் இடத்தில் இருந்த இயந்திரம் சில்லறைக் காசைத் தவிர வேறு எதையும் ஏற்கவில்லை. காசே வைத்துக்கொள்ளாத என் வழக்கம் உங்களுக்குத் தெரியும். நோட்டை மாற்றுவதற்காகவே, எனக்குச் சற்றும் பிடிக்காத உலர்திராட்சை ரொட்டி ஒன்றை வாங்க வேண்டியதாயிற்று. அது வண்டிக் கட்டணத்தைவிட விலை கூடுதல் என்பதை நான் மறக்கப்போவதில்லை.

மிஞ்சிய காசுகளோடு, பக்கத்து ஊரான ஸ்டோனி மிடில்டனுக்குச் செல்லும் வயல்வழிப் பாதையில் இருக்கும் எல்லைக் கல்லைத் தேடிப் பிடித்துவிட்டேன்! அருகில் காட்டுகிறேன், பாருங்கள்: மேற்புறத்தில் ஆறு குழிகள், விளிம்புகள் மழுங்கியிருக்கின்றன, உள்ளே நேற்றைய மழைநீர். 1666இல் ஊரார் தொற்று நீங்கும் என்று நம்பி இந்தக் குழிகளில் வினிகர் ஊற்றிக் காசை இட்டுச் செல்வார்கள். வெளியூரார் காசை எடுத்துக்கொண்டு உணவை வைத்துப் போவார்கள். என் பத்துப் பென்ஸ் காசு உள்ளே கச்சிதமாக அமர்ந்தது.

காரணத்தைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். லண்டனிலிருந்து தையற்காரர் வீட்டுக்கு வந்த துணிப்பொதி ஈரமாக இருந்ததால், உதவியாளர் ஜார்ஜ் விக்கார்ஸ் அதைப் பிரித்து நெருப்பருகே உலர்த்தினார். துணியிலிருந்த தெள்ளுப்பூச்சிகளால் பிளேக் பரவியதாகக் கூறுவர். 1665 செப்டம்பர் 7 அன்று அவர் இறந்தார். பதினான்கு மாதங்களில் மாண்டவர்கள் சுமார் 260 பேர். எலிசபெத் ஹான்காக் என்ற பெண் கணவரையும் ஆறு பிள்ளைகளையும் எட்டே நாட்களில் தன் கையாலேயே புதைத்தார்.

நோய் வெளியே பரவாதிருக்க ஊரை அடைத்துக்கொள்ளச் சொன்னவர் குருவானவர் வில்லியம் மாம்பெசன் என்று எல்லோரும் புகழ்கிறார்கள். அவர் தம் பிள்ளைகளை முன்னதாகவே வெளியூருக்கு அனுப்பிவிட்டார் என்பது எனக்கு உறுத்துகிறது. உடன் தங்கிய மனைவி கேத்தரின் 1666 ஆகஸ்டில் இறந்தார் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். என் மனத்தில் நிற்பவர் தாமஸ் ஸ்டான்லிதான். 1662இல் சமயக் கொள்கைக்காகப் பதவியிழந்த அந்த முன்னாள் குருவைத்தான் ஊர் நம்பியது. அவர் துணை நின்றிராவிட்டால், புதிதாக வந்த இருபத்தெட்டு வயது இளைஞர் பேச்சை யார் கேட்டிருப்பார்கள்?

இன்னொன்று: சாட்ஸ்வர்த் மாளிகையிலிருந்து டெவன்ஷயர் பிரபுவும் உணவு அனுப்பினார். கூட்டம் தொற்றைப் பரப்பும் என்று தேவாலயத்தைப் பூட்டி, கக்லெட் டெல்ஃப் என்ற பள்ளத்தில் திறந்தவெளியில் வழிபட்டார்கள். ஆகஸ்ட் கடைசி ஞாயிறன்று இன்றும் நினைவு வழிபாடு நடக்கிறது. அன்றைக்கு ஒரு சுருக்குப்பை நிறையச் சில்லறையோடு வருவேன்.