உள்ளங்கைச் சூட்டில் செத்துப்போகும் காந்தம்

நேயர்களுக்கு வணக்கம். கற்பனை உலகங்களைப் படைக்கிற இளம் எழுத்தாளர்களுக்கு ஒரு காந்தத்தைப் பற்றிச் சொல்லுங்கள் என்று அழைத்திருக்கிறார்கள். மாயக் கதைகளில் வரும் காந்தங்கள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான். மலையளவு பெரியது, கப்பலையே இழுக்கும், வாளைப் பிடுங்கும். இழுத்த பிறகு என்ன? ஒன்றுமில்லை. அதோடு கதையும் நின்றுபோகும்.

நான் வேறொரு காந்தத்தைச் சொல்கிறேன். பனிக்கல் என்று பெயர் வைத்துக்கொள்வோம். குளிரில் இரும்பை நன்றாகப் பிடிக்கும். 30 டிகிரி செல்சியஸைத் தாண்டினால் வெறும் கல். அதாவது, கையில் கொஞ்ச நேரம் பொத்தி வைத்திருந்தாலே போதும், அதன் சக்தி போய்விடும்.

இது முழுக் கற்பனை என்று நினைக்க வேண்டாம். எந்தக் காந்தத்துக்கும் இப்படி ஒரு சூட்டு எல்லை உண்டு. 1895-இல் பியேர் கியூரி இதை விரிவாக ஆராய்ந்தார். அதனால் கியூரி வெப்பநிலை என்கிறோம். இரும்புக்கு அது 770 டிகிரி. உலைக்களத்துக்கு வெளியே அதை யாரும் கவனிப்பதில்லை. ஆனால் கடோலினியம் என்றொரு உலோகம் இருக்கிறது. அதற்கு ஏறக்குறைய 20 டிகிரிதான். பனிக்கட்டி போட்ட நீரில் முக்கி எடுத்தால் காந்தத்தில் கப்பென்று ஒட்டிக்கொள்ளும். சற்று நேரம் அப்படியே தொங்கும். அறைச் சூடு ஏற ஏறப் பிடி தளர்ந்து தொப்பென்று விழும். நம் பனிக்கல்லுக்கு நான் பத்து டிகிரி கூட்டியிருக்கிறேன், அவ்வளவுதான்.

சரி, இந்தக் கல் கிடைக்கிற ஊரில் மக்கள் எப்படி வாழ்வார்கள்? கோட்டை வாசலை எடுத்துக்கொள்ளுங்கள். நிலைக்கல்லில் சாதாரணக் காந்தக்கல், கதவின் விளிம்பில் பனிக்கல் பட்டை. இரவில் கதவு இறுக ஒட்டியிருக்கும். காலை வெயில் கதவில் விழுந்து பட்டை சூடேறியதும் தானே விட்டுவிடும். பூட்டும் இல்லை, சாவியும் இல்லை. ஆனால் மாலையில் தானே மூடிக்கொள்ளாது. காந்தத்தின் இழுவை தூரம் கூடக் கூடப் பயங்கரமாகக் குறையும். இரண்டு சிறு காந்தங்களை எட்ட வைத்து, இடைவெளியை இரட்டிப்பாக்கினால் இழுவை 16-இல் ஒரு பங்காகிவிடும். ஆகவே கதவைத் தள்ளி நிலைக்குப் பக்கத்தில் கொண்டுவர ஓர் ஆள் வேண்டும். வாயில்காவலன் வேலை போகாது. மேகம் மூடிய நாளில் ஊர் எழுந்தும் வாசல் திறக்காது; அவன் தீவட்டியோடு வந்து பட்டையைச் சூடுகாட்ட வேண்டும். எதிரிக்கும் இது தெரியுமல்லவா? கோடைப் பகலில்தான் படையெடுப்பான்.

எனக்குப் பிடித்தது இதைவிட இன்னொன்று. சூடேறிச் சக்தி இழந்த கல் மறுபடி குளிரும்போது, நிலத்தின் காந்தப் புலம் எந்தப் பக்கம் இழுக்கிறதோ அந்தத் திசையை மனத்தில் வைத்துக்கொள்ளும். இதுவும் நான் இட்டுக்கட்டியதல்ல. 1600-இல் வில்லியம் கில்பர்ட் எழுதிய காந்த நூலில் ஒரு கொல்லர் படம் உண்டு: பழுத்த இரும்பை வடக்கு தெற்காகப் பிடித்து அடித்தால், ஆறும்போது காந்தமாகிறது. எரிமலைக் குழம்பும் அப்படித்தான், உறையும்போது அன்றைய வடக்கைப் பதிந்துகொள்கிறது. பூமியின் காந்த முனைகள் கடைசியாக நிலையாக இடம் மாறிக்கொண்டது சுமார் 7,80,000 ஆண்டுகளுக்கு முன் என்பதைப் பாறைகள்தான் காட்டிக்கொடுத்தன.

இப்போது ஒரு திருட்டைக் கொண்டு வாருங்கள். பனிக்கல் பட்டறையில் ஒவ்வொரு துண்டையும் சூடாக்கி, வடக்கு நோக்கிக் கிடத்தி ஆறவிடுகிறார்கள். வடக்கு முனையில் மெல்லிய கோடு ஒன்று கீறுகிறார்கள். நூலில் கட்டித் தொங்கவிட்டால் கோடு வடக்கே நிற்கும். விற்கும்போது ஈரத் துணியில் சுற்றித்தான் கொடுப்பார்கள். வாங்கினவர்களும் அப்படியே கொண்டுபோவார்கள். திருடனால் அது முடியுமா? ஈரத் துணி மூட்டையோடு நடந்தால் ஊரே பார்க்கும். மடியில்தான் செருகுவான். உடம்புச் சூட்டில் பழைய திசை அழிந்துபோகும். இரவில் எங்கோ ஒளித்து வைக்கும் இடத்தில், கிடந்த கிடையிலேயே புதுத் திசை ஏறிக்கொள்ளும். பிடிபட்டபின், "பட்டறையில் காசு கொடுத்து வாங்கினேன்" என்கிறான். காவலன் நூலை எடுத்துக் கல்லைத் தொங்கவிடுகிறான். கோடு தென்மேற்கே போய் நிற்கிறது.

இதிலிருந்து திருடன் தப்ப ஒரே வழி, ஆறவிடும்போது கோட்டை வடக்கே பார்க்க வைப்பது. ஆனால் அந்தக் கோடு எதற்கென்று வெளியாட்களுக்குச் சொல்வதில்லை என்று வைத்துக்கொண்டால், காணாமற்போன கல் எங்கோ கிடைத்து, அதன் கோடும் சரியாக வடக்கே நின்றால், காவலன் விசாரிக்க வேண்டியது பட்டறைக்குள்தான். அந்தக் கதையை நீங்கள் எழுதுங்கள், நேயர்களே. நன்றி, வணக்கம்.