பட்டத்துக்கு அடுத்த ஆண்டு: வர்ஜீனியா தடுமாறிய கணக்கு

அவையில் இருக்கும் பயிற்சியாளர்களுக்கும் ஆட்டக்காரர்களுக்கும் வணக்கம்.

பட்டம் வென்ற அணி மறு ஆண்டு தோற்க ஆரம்பித்தால் நாம் உடனே சொல்வது இரண்டு. தலைக்கனம் ஏறிவிட்டது, பசி போய்விட்டது. சொல்வதற்கு இரண்டும் வசதியானவை. ஆனால் ஸ்கோர் ஷீட்டில் இவற்றைக் குறிக்க ஒரு கட்டம் கிடையாது. ஸ்கோர் ஷீட்டில் இருப்பதை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு பருவத்தைப் பார்ப்போம். அமெரிக்கக் கல்லூரிக் கூடைப்பந்தில் வர்ஜீனியா பல்கலைக்கழக ஆண்கள் அணி, 2019-20 பருவம்.

முன்கதை சுருக்கமாக. 2018 மார்ச்சில் இந்த அணி யூஎம்பிசி என்ற சிறிய கல்லூரியிடம் 74-54 என்று தோற்றது. ஆண்கள் தேசியப் போட்டியில் முதல் நிலைத் தரவரிசை பெற்ற ஓர் அணி கடைசி நிலையான பதினாறாம் நிலை அணியிடம் விழுந்தது அதுதான் முதல் முறை. மறு ஆண்டு, 2019 ஏப்ரல் 8 அன்று, மினியாபொலிஸில் டெக்சஸ் டெக் அணியை ஓவர்டைமில் 85-77 என்று வென்று அதே அணி பட்டத்தைத் தூக்கியது. பருவக் கணக்கு 35 வெற்றி, 3 தோல்வி. அன்றைய பயிற்சியாளர் டோனி பென்னட்.

அந்தக் கோடையில் மூன்று பேர் தொழில்முறை லீக்கான என்பிஏவுக்குப் போனார்கள். அணிகள் வரிசையாக ஆள் எடுக்கும் தேர்வில் டிஆண்ட்ரே ஹன்டர் நான்காவது, டை ஜெரோம் 24, கைல் கை 55. பட்ட ஆண்டில் ஓர் ஆட்டத்துக்கு கைல் கை 15.4 புள்ளி, ஹன்டர் 15.2, ஜெரோம் 13.6. கூட்டினால் 44.2. அணி முழுவதும் சேர்ந்து எடுத்தது 71 சொச்சம். அதாவது ஐந்து புள்ளியில் மூன்றுக்கு மேல் கிளம்பிப் போய்விட்டது. 'பசி போய்விட்டது' என்பவர்கள் முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான். பசித்தவர்கள் இருந்தார்கள், சமைத்தவர்கள் போய்விட்டார்கள்.

போனது வெறும் புள்ளி இல்லை, தூரத்திலிருந்து போடும் கை. பட்ட ஆண்டில் அணியின் த்ரீ பாயிண்ட் விகிதம், அதாவது மூன்று புள்ளிக் கோட்டுக்கு வெளியிலிருந்து போட்டதில் விழுந்தது, 39.5 விழுக்காடு. மறு ஆண்டு அது முப்பதை ஒட்டி இறங்கிவிட்டது. ஓர் ஆட்டத்துக்கு இருபது த்ரீ என்று வைத்துக் கணக்குப் போடுங்கள். 39.5 விழுக்காட்டில் ஒரு முயற்சியின் மதிப்பு 1.185 புள்ளி, இருபதுக்கு 23.7. முப்பதில் மதிப்பு 0.9, இருபதுக்கு 18. ஆட்டத்துக்குக் கிட்டத்தட்ட ஆறு புள்ளி இங்கேயே போயிற்று.

இதில் இன்னொரு துரதிர்ஷ்டம் சேர்ந்தது. அதே 2019-20 பருவத்தில்தான் ஆண்கள் கல்லூரி ஆட்டத்தின் முதல் பிரிவில் த்ரீ பாயிண்ட் கோட்டைப் பின்னுக்குத் தள்ளினார்கள். 20 அடி 9 அங்குலமாக இருந்தது 22 அடி 1¾ அங்குலம் ஆயிற்று. மீட்டரில் சொன்னால் 6.32 போய் 6.75. நம் ஊர் கோர்ட்டில் வரைந்திருக்கும் சர்வதேசக் கோடு அதுதான். அதனால் நமக்கு அது தூரமாகத் தெரியாது. ஆனால் சிறு வயதிலிருந்து பழைய கோட்டில் கால் வைத்துப் போட்ட பையனுக்கு 43 சென்டிமீட்டர் என்பது வேறு ஷாட். முழங்காலிலிருந்து வர வேண்டிய விசையைத் தோளில் எடுப்பான். பந்து தட்டையாகப் போய் ரிங்கின் முன்விளிம்பில் அடிக்கும். மூலையில் இன்னும் சிக்கல். அங்கே த்ரீ கோட்டுக்கும் பக்கக் கோட்டுக்கும் நடுவே சுமார் 40 அங்குலம்தான். பந்தை வாங்கும்போதே கால் எங்கே ஊன்றுகிறது என்று பார்க்காதவன் வெளியே மிதித்துவிடுவான்.

சரி, புள்ளி எங்கே நின்றது? ஆட்டத்துக்கு 57.0. பட்ட ஆண்டோடு ஒப்பிட்டால் பதினான்கு புள்ளி சரிவு. த்ரீயில் போனது ஆறு. மீதி எட்டு எங்கே? இதைத்தான் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும்.

பென்னட்டின் அட்டாக்குக்கு 'பிளாக்கர்-மூவர்' என்று பெயர். ஐந்து பேரில் இரண்டு உயரமானவர்கள் பிளாக்கர். அவர்களுடைய வேலை ஸ்கிரீன் வைப்பது, அதாவது டிஃபெண்டரின் வழியில் அசையாமல் நின்று மறிப்பது, வைத்துக்கொண்டே இருப்பது. மற்ற மூவரும் மூவர்கள் (தமிழில் கணக்கு அழகாகப் பொருந்துகிறது, மன்னியுங்கள்). இவர்கள் ஸ்கிரீனைச் சுற்றி ஓடுகிறார்கள். எப்படி ஓடுவது என்பது முன்கூட்டி எழுதப்பட்டதில்லை. டிஃபெண்டரைப் பார்த்து முடிவு செய்ய வேண்டும். அவன் முதுகோடு ஒட்டித் துரத்தி வந்தால், ஸ்கிரீனைத் தோள் உரச வளைந்து ரிங்கை நோக்கி வெட்டு. ஸ்கிரீனுக்கு அடியில் குறுக்கு வழி எடுத்தால், பின்வாங்கி விலகி நின்று ஷூட் பண்ணு. முன்னாலேயே வந்து காத்திருந்தால், ஸ்கிரீனை உதறிவிட்டு எதிர்ப்பக்கம் போ. எதிரணியின் உயரமானவன் உதவிக்கு வெளியே வந்தால், ஸ்கிரீன் வைத்தவன் நழுவி உள்ளே போய்ப் பந்து வாங்குவான்.

இந்த நான்கில் எது அச்சாணி? விலகி நின்று போடும் ஷாட். அது விழும் என்ற பயம் இருந்தால்தான் டிஃபெண்டர் துரத்தி வருவான். துரத்தினால்தான் வளைந்து வெட்ட வழி திறக்கும். வெட்டினால்தான் உயரமானவன் உதவிக்கு வருவான். அவன் வந்தால்தான் நழுவி உள்ளே போகிறவனுக்கு இடம். 2019 டிசம்பரில் எதிரணிகள் என்ன செய்தன? குறுக்கு வழியில் நடந்தே போய், ரிங்குக்கு முன்னால் உள்ள பெயின்ட் பகுதியின் ஓரத்தில் நின்றுகொண்டன. 'போடு, பார்ப்போம்' என்றன. அச்சாணி கழன்றதும் மீதி மூன்றும் தானாக நின்றுவிட்டன. அந்த எட்டுப் புள்ளியில் பெரும்பங்கு உள்ளே விழாமல் போன எளிய கூடைகள். இன்னொரு பங்கு டர்ன்ஓவர், ஷாட் போடாமலே பந்தை எதிரணியிடம் இழப்பது.

டர்ன்ஓவர் பெருகியதற்குக் காரணம் பெரிய மர்மம் இல்லை. பட்ட ஆண்டில் பந்தைக் கொண்டுவர ஜெரோம் இருந்தார், பக்கத்தில் கிஹே கிளார்க் இருந்தார். மறு ஆண்டு கிளார்க் மட்டும். உயரம் ஐந்தடி ஒன்பது. 4.5 புள்ளியிலிருந்து 10.8க்கும், பிறர் கூடைக்கு வழிசெய்யும் பாஸான அசிஸ்டில் 5.9க்கும் போனார், ஆட்டம் முழுக்கக் கிட்டத்தட்ட வெளியே உட்காரவே இல்லை. ஒரே ஆள் எல்லா முடிவையும் எடுக்கும்போது தவறும் அவர் கையிலேயே குவியும். மமாடி டியாகிட்டே 7.4லிருந்து 13.7க்கு உயர்ந்தார். தாளில் பார்த்தால் வளர்ச்சி. ஆனால் அவர் பிறர் உருவாக்கிக் கொடுத்த பந்தை முடிப்பதில் தேர்ந்தவர். தானே உருவாக்க வேண்டிய நிலைக்குத் தள்ளப்பட்டார். பிராக்ஸ்டன் கீ மணிக்கட்டுக் காயத்தால் டிசம்பரில் சில ஆட்டங்களுக்கு இல்லை. சாம் ஹவுசர் என்ற நல்ல ஷூட்டர் மார்க்கெட் (Marquette) பல்கலைக்கழகத்திலிருந்து வந்து சேர்ந்திருந்தார். அன்றைய விதிப்படி கல்லூரி மாறினால் ஓராண்டு ஆட முடியாது. ஆகவே அவர் பயிற்சியில் ஷாட் போட்டுவிட்டு, ஆட்ட நாளில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்.

இவ்வளவுக்கும் நடுவே டிஃபென்ஸ் அசையவில்லை. ஆட்டத்துக்கு 52.4 புள்ளிதான் விட்டார்கள், நாட்டிலேயே குறைவு. பட்ட ஆண்டில்கூட 56 விட்டவர்கள். இதற்குப் 'பேக்-லைன்' என்று பெயர். டோனியின் அப்பா டிக் பென்னட் வளர்த்தெடுத்த முறை. ரிங்கிலிருந்து சுமார் 16 அடியில் ஒரு வளைவு இருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். பந்து வைத்திருப்பவனைக் காப்பவன் மட்டும் அந்த வளைவுக்கு வெளியே போய் நெருக்குவான். மற்ற நால்வரும் உள்ளே, தன் ஆளுக்கும் பந்துக்கும் இடையிலான சந்தில். பாஸ் போனதும், பந்து காற்றில் இருக்கும்போதே ஓடி, கடைசி இரண்டு மூன்று அடியைச் சின்னச் சின்ன எட்டாக வைத்து, கையை உயர்த்தி நிற்க வேண்டும். பந்து கைக்குப் போய்ச் சேர்ந்த பிறகு கிளம்பினால் தாமதம். முழு ஓட்டத்தில் போனால் ஒரு பொய்யசைவில் தாண்டிவிடுவான். ஸ்கிரீன் வந்தால் உயரமானவன் பக்கவாட்டில் வெளியே பாய்ந்து பந்தைத் திருப்பிவிட்டு, திரும்ப ஓட வேண்டும். ரிங்குக்குப் பக்கத்தில், போஸ்ட்டில் பந்து போனால் இன்னொரு உயரமானவன் வந்து இரட்டைப் பொறி. இந்த முறையின் ஓட்டை கோர்ட்டின் ஒரு பக்கத்திலிருந்து மறு பக்கத்துக்குப் பறக்கும் நீள பாஸ். நால்வரும் உள்ளே சுருங்கியிருப்பதால் மறுபக்க ஷூட்டர் தனியாக நிற்பான். கோடு பின்னால் போனதில் ஓட வேண்டிய தூரம் கூடியது; அதே சமயம் எதிராளியின் ஷாட்டும் நீண்டது. வர்ஜீனியாவுக்கு டிஃபென்ஸில் கோடு பெரிய கேடு செய்யவில்லை.

இப்போது ஏற்ற இறக்கத்துக்கு வருவோம். அன்றைய வர்ஜீனியா நாட்டிலேயே மிக மெதுவாக ஆடிய அணிகளில் ஒன்று. ஷாட் போடுவதற்கான கெடு, ஷாட் கிளாக், 30 விநாடி. அதில் பெரும்பகுதியைச் செலவழிப்பார்கள். ஓர் ஆட்டத்துக்கு அறுபதை ஒட்டிய பொசஷன், அதாவது பந்து தங்கள் கைக்கு வரும் முறை. பட்ட ஆண்டில் சராசரி வித்தியாசம் பதினைந்து புள்ளி. மறு ஆண்டு 57.0 கழித்தல் 52.4, அதாவது 4.6. நாலரைப் புள்ளி என்பது இரண்டு கூடை. ஒரு ஃப்ரீ த்ரோ பிசகினால், ஒரு பந்து ரிங்கைச் சுற்றிவிட்டு வெளியே விழுந்தால், வெற்றி தோல்வியாகிவிடும். இப்படிப்பட்ட அணி சீராக இருக்கவே முடியாது.

பருவம் சிராக்யூஸை அதன் ஊரிலேயே 48-34 என்று வீழ்த்தித் தொடங்கியது. மெய்ன் அணியை 46-26. ஏழுக்கு ஏழு வெற்றி, தரவரிசையில் ஐந்தாம் இடம். ஆனால் அந்த ஏழிலும் ஸ்கோரைப் பாருங்கள்: அரிசோனா ஸ்டேட்டை வென்றது 48-45. நோய் அப்போதே இருந்தது. வெற்றி அதைப் போர்த்தியிருந்தது. டிசம்பர் 4 அன்று பர்டூ அணியிடம் 69-40 என்று தோல்வி. பட்ட ஆண்டின் மார்ச் மாதம் ஓவர்டைமில் 80-75 என்று வென்று, கடைசி நான்கு அணிகள் ஆடும் இறுதிக் கட்டத்துக்குப் போனார்களே, அதே பர்டூ. மெதுவாக ஆடுகிறவர்கள் பின்தங்கினால் மீள்வது ஏன் கடினம்? பத்து நிமிடம் இருக்கிறது, பதினைந்து புள்ளி பின்னால் என்றால், அவர்கள் வேகத்தில் மிச்சம் பதினைந்து பொசஷன். ஒவ்வொன்றிலும் எதிரணியைவிட ஒரு புள்ளி கூட எடுக்க வேண்டும். நடக்காது. வேகத்தைக் கூட்டினால் பழக்கமில்லாத கையில் பந்து வழுக்கும்.

சொந்த ஊரில் சவுத் கரோலினாவிடம் 70-59. ஜனவரியில் பாஸ்டன் காலேஜிடம் 60-53, நவம்பரில் வென்ற அதே சிராக்யூஸிடம் ஓவர்டைமில் 63-55, ஃப்ளோரிடா ஸ்டேட்டிடம் 54-50, என்சி ஸ்டேட்டிடம் 53-51. ஐந்து ஆட்டத்தில் நாலு தோல்வி. தரவரிசையிலிருந்து பெயரே காணாமல் போயிற்று.

பிறகு என்ன மாறியது? இரண்டு விஷயம். இத்தாலியிலிருந்து வந்து ஜூனியர் காலேஜ் வழியாகச் சேர்ந்த டோமாஸ் வோல்டெடென்சே கோட்டுக்கு வெளியிலிருந்து போட ஆரம்பித்தார். பிப்ரவரி 8 அன்று லூயிவில்லிடம் 80-73 என்று தோற்ற ஆட்டத்தில் ஏழு த்ரீ. ஒருவாரம் கழித்து நார்த் கரோலினாவின் ஊரில் 64-62 என்று ஜெயித்தது அவருடைய கடைசி நேரத் த்ரீயால். ஐந்து பேரில் ஒரே ஒருவனைத் துரத்த வேண்டியிருந்தாலும் போதும், அச்சாணி பாதி திரும்பிவிடும். இரண்டாவது, ஏழடி ஓர் அங்குலம் உயரமுள்ள ஜே ஹஃப். பிப்ரவரி 29 அன்று டியூக்கை 52-50 என்று வென்ற ஆட்டத்தில் அவர் கணக்கு 15 புள்ளி, 9 ரீபவுண்டு, 10 பிளாக் (எதிராளியின் ஷாட்டைத் தட்டிவிடுவது). எழுதியது சரிதான், பத்து.

கடைசி எட்டு ஆட்டமும் வெற்றி. இதைத்தான் 'சாம்பியனின் நெஞ்சுரம்' என்றார்கள். அந்த எட்டின் வித்தியாசத்தை வரிசையாகச் சொல்கிறேன்: 1, 2, 13, 3, 3, 2, 2, 3. வர்ஜீனியா டெக்கிடம் ஜெயித்தது கடைசி விநாடிகளில் கிளார்க் போட்ட த்ரீயால், 56-53. மயாமியிடம் 46-44. எட்டில் ஏழு ஆட்டம் மூன்று புள்ளிக்குள். ஜனவரியில் இரண்டு, நாலு என்று தோற்றவர்கள் பிப்ரவரியில் இரண்டு, மூன்று என்று ஜெயித்தார்கள். ஷூட்டிங் கொஞ்சம் தேறியது உண்மை. மிச்சத்தை நாணயம் சுண்டியதில்தான் சேர்க்க வேண்டும். ஜனவரியில் கெட்டுப்போனார்கள் என்று சொல்ல முடியாது என்றால், பிப்ரவரியில் திருந்தினார்கள் என்றும் சொல்ல முடியாது.

இங்கே பயிற்சியாளராக இருப்பவர்களுக்குச் செய்முறையாக ஒன்று. பட்டம் வென்ற மறு வாரமே கடந்த பருவத்தின் ஷாட் கணக்கை எடுத்து, ஒவ்வொரு கூடையையும் போட்டவன் பெயரிலும் உருவாக்கிக் கொடுத்தவன் பெயரிலும் இரண்டு பத்தியாக எழுதுங்கள். போகிறவர்களின் பெயரை அடியுங்கள். முதல் பத்தியில் ஓட்டை விழுந்தால் ஆள் கிடைப்பார்கள். இரண்டாவது பத்தி காலியானால் ஆட்ட முறையையே மாற்ற வேண்டும். இரண்டிலும் மிஞ்சுகிறவனுக்குப் பயிற்சியில் களைத்த பிறகு ஷாட் கொடுங்கள். காலை முதல் பத்து நிமிடத்தில் போடும் விகிதம் எதற்கும் உதவாது.

வர்ஜீனியா 23 வெற்றி, 7 தோல்வி என்று முடித்தது; அட்லாண்டிக் கோஸ்ட் என்ற தன் கல்லூரிக் குழுப் பிரிவில் 15 வெற்றி, 5 தோல்வி. மார்ச் 12 அன்று கொரோனாவால் பிரிவுப் போட்டியும் தேசியப் போட்டியும் ரத்தாயின. அதனால் அடுத்தவர் வரும்வரை நடப்புச் சாம்பியன் என்ற பெயர் இன்னோர் ஆண்டு அவர்களிடமே தங்கியது. 2020-21ல் ஹவுசர் களமிறங்கினார், த்ரீயில் 41.7 விழுக்காடு, ஆட்டத்துக்கு 16 புள்ளி. அட்டாக் திரும்பிவிட்டது, பிரிவில் முதலிடமும் வந்தது. இந்த முறை டிஃபென்ஸ் பழைய இறுக்கத்தில் இல்லை. 2021 மார்ச் 20 அன்று முதல் சுற்றிலேயே ஒஹையோ பல்கலைக்கழகத்திடம் 62-58 என்று தோற்றார்கள்.