தண்ணீர் கலந்த பால்

(யாழ்ப்பாணத்தில் மகளிர் பாடசாலை ஒன்றின் விளையாட்டுப் பரிசளிப்பு விழாவில், ஓய்வுபெற்ற உடற்கல்வி ஆசிரியை ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அதிபர் அவர்களே, ஆசிரியர்களே, பெற்றோரே, முன்வரிசையில் பதக்கத்தைத் தடவிப் பார்த்துக்கொண்டிருக்கிற பிள்ளைகளே, வணக்கம்.

கையில் ஒரு ஹொக்கி மட்டை கொண்டு வந்திருக்கிறேன். பின்னால் இருப்பவர்களுக்குத் தெரிகிறதா? ஒரு பக்கம் தட்டை, மற்றப் பக்கம் உருண்டை. உருண்டைப் பக்கத்தால் பந்தைத் தொடக்கூடாது. பந்து இடது பக்கம் போய்விட்டால் மணிக்கட்டைத் திருப்பி, மட்டையைக் கவிழ்த்துப் பிடிக்க வேண்டும். அது கைக்கு வர மாதக்கணக்காகும். அதை உடைந்த மட்டை ஒன்றை வைத்துக்கொண்டு பழகிய பிள்ளை ஒருத்தியைப் பற்றித்தான் இன்று கதைக்கப் போகிறேன்.

ராணி ராம்பால். இந்திய மகளிர் ஹொக்கி அணியின் தலைவியாக இருந்தவர். 1994இல் இந்தியாவின் ஹரியானாவில், சாஹாபாத் என்ற சிறிய ஊரில் பிறந்தவர். அப்பா வண்டி இழுத்துப் பிழைத்தவர். அம்மா பிறர் வீடுகளில் வேலை செய்தவர். வீட்டில் மணிக்கூடு கிடையாது. மகளை விடியப் பயிற்சிக்கு எழுப்ப வேண்டும் என்பதற்காக அம்மா நித்திரை முழித்து, வானத்தைப் பார்த்து நேரம் கணிப்பாராம். பயிற்சிக்கு வரும் ஒவ்வொரு பிள்ளையும் அரை லீற்றர் பால் கொண்டு வர வேண்டும் என்பது அங்கே விதி. வீட்டில் வாங்க முடிந்தது 200 மில்லிலீற்றர். மிச்சத்துக்கு ராணி யாருக்கும் தெரியாமல் தண்ணீர் கலந்து கொண்டு போனார். பின்னாளில் அவரே வாய்விட்டுச் சொன்ன கதை இது. அவர் அடித்த கோல்களைவிட அந்தப் பால் போத்தல்தான் எனக்கு அடிக்கடி நினைவுக்கு வரும்.

முதலில் வீட்டில் சம்மதிக்கவில்லை. குட்டைப் பாவாடையோடு மைதானத்தில் ஓடினால் சனம் என்ன சொல்லும் என்ற பயம். அம்மாமாரே, இதை எங்கேயோ கேட்டது போல இருக்கிறதல்லவா? முப்பது வருடம் நான் வீடு வீடாகப் போய்க் கேட்ட அதே வார்த்தை. ராணி சல்வாரோடு ஓடத் தொடங்கினார், அழுது கெஞ்சிச் சம்மதம் வாங்கினார். பயிற்சியாளர் பல்தேவ் சிங் மட்டையும் சப்பாத்தும் வாங்கிக் கொடுத்தார், தன் வீட்டிலேயே தங்கவைத்துச் சாப்பாடும் போட்டார். ஒரு போட்டியில் வென்ற 500 ரூபாவை ராணி அப்பாவின் கையில் கொடுத்தபோது, அவ்வளவு காசை அவர் அதற்கு முன் பிடித்ததே இல்லையாம்.

அப்புறம் நடந்தது வேகமாக நடந்தது. 2008இல் தேசிய அணி. 2010இல், 15 வயதில், ஆர்ஜென்டினாவின் ரொசாரியோ நகரில் உலகக் கிண்ணம். ஏழு கோல் அடித்தார், சிறந்த இளம் வீராங்கனை விருது கிடைத்தது. அந்த ஊரில் பிறந்த லூசியானா அய்மார், எட்டுத் தடவை உலகின் சிறந்த வீராங்கனையானவர், அதே போட்டியில்தான் தன் ஊர்ச் சனத்தின் முன் கிண்ணத்தைத் தூக்கினார்.

ஒரு கோலை மட்டும் நின்று சொல்ல வேண்டும். 2019 நவம்பர், புவனேஸ்வர். ஒலிம்பிக் தகுதிக்காக அமெரிக்காவோடு இரண்டு ஆட்டம், இரண்டின் கோல்களையும் கூட்டிப் பார்ப்பார்கள். முதல் நாள் 5-1 என்று இந்தியா வென்றது. சரி, முடிந்துவிட்டது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அடுத்த நாள் இடைவேளைக்கு முன்பே அமெரிக்கா நான்கு கோல் போட்டுவிட்டது. கூட்டினால் 5-5. கைக்கு வந்தது நழுவும்போது கால் எப்படிக் கனக்கும் என்று ஓடிய பிள்ளைகளுக்குத் தெரியும். 48ஆவது நிமிடத்தில் கோல் கம்பத்துக்கு முன்னாலுள்ள வட்டத்துக்குள் பந்து கிடைத்தது, அணித்தலைவி ராணி அடித்தார். 6-5. டோக்கியோவுக்கு வழி திறந்தது.

டோக்கியோவில் முதல் மூன்று ஆட்டமும் தோல்வி. பிறகு அயர்லாந்தையும் தென்னாபிரிக்காவையும் வென்று, காலிறுதியில் அவுஸ்திரேலியாவை 1-0 என்று வீழ்த்தினார்கள். குர்ஜித் கவுர் அடித்த கோல் அது. வெண்கலத்துக்கான ஆட்டத்தில் பிரித்தானியாவிடம் 4-3 என்று தோற்று நான்காம் இடம். அழுதுகொண்டு நின்ற அந்தப் பிள்ளைகளைத் தொலைக்காட்சியில் பார்த்து நானும் அழுதேன், மறைக்க ஒன்றுமில்லை. 2024 அக்டோபரில் 254 ஆட்டங்களோடு ராணி விடைபெற்றார். அவருடைய 28ஆம் இலக்கச் சட்டையை இந்திய ஹொக்கிச் சம்மேளனம் இனி வேறு எவருக்கும் கொடுக்காது.

அது பெரிய நாடு, எங்கள் பிள்ளைகளுக்கு எங்கே இதெல்லாம் என்று ஒரு அப்பா போன வாரம் கேட்டார். வலைப்பந்தில் இலங்கைக்கு ஆசியக் கிண்ணம் வாங்கித் தந்த தர்ஜினி சிவலிங்கம் ஈவினைப் பிள்ளை. இங்கிருந்து சைக்கிளில் போகிற தூரம். ஹொக்கி என்றால் மாத்தளைக்குத்தான் என்று விட்டுவிட்டோம். எங்கள் செம்மண் தரையில் கல்லில் பட்டுப் பந்து எகிறும், உண்மைதான். கல்லைப் பொறுக்கலாம்.

பெற்றோரிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். பின்னேர ரியூசன் வகுப்பில் கிழமைக்கு ஒன்றை விட்டுக்கொடுங்கள். வருகிற சனிக்கிழமை நாலரைக்குப் பாடசாலை மைதானத்தில் நிற்பேன். என்னிடம் பன்னிரண்டு மட்டை இருக்கிறது, இரண்டுக்குப் பிடிநாடா சுற்ற வேண்டும், அதை வெள்ளிக்கிழமைக்குள் முடித்துவிடுவேன். பிள்ளைகள் தண்ணீர்ப் போத்தலோடு வந்தால் போதும்.