ரோசிக்கு ஒரு நாற்காலி

(இராமேசுவரம் அருகே மண்டபம் என்ற ஊரில் நூலகக் கூட்டம் ஒன்றில் பேசியது)

தலைமை வகிக்கும் பேரூராட்சித் தலைவர் அவர்களே, முன்வரிசையில் அமர்ந்திருக்கும் ஜமாஅத் பெரியவர்களே, பாம்பனிலிருந்து சிரமம் பாராமல் வந்திருக்கும் பங்குத்தந்தை அவர்களே, எனக்குச் சால்வை போர்த்திய தலைமையாசிரியை அவர்களே, வணக்கம். மைக் செட் தம்பியை விட்டுவிட்டேனே, அவருக்கும் வணக்கம். அவர் நினைத்தால் நானும் ஊமைப்படம்தான்.

மூன்று விஷயம் பேசச் சொன்னார்கள். பி. கே. ரோசி என்ற நடிகை, ஊமைப்பட நடிப்பு, பழைய படச்சுருள்கள் அழிந்த கதை. நேரம் இருந்தால் மூன்றும்.

ரோசி திருவனந்தபுரத்துக்காரர். ஒடுக்கப்பட்ட புலையர் சமூகம், புல்லறுக்கும் வேலை. காக்காரிசி என்னும் நாட்டுப்புற நாடகத்தில் ஆடிப் பாடியவர். ஜே. சி. டேனியல், நம் அகஸ்தீசுவரத்துக்காரர், சொத்தை விற்று 'விகதகுமாரன்' எடுத்தார். மலையாளத்தின் முதல் படம். நாயகி சரோஜினி, மேல்சாதி நாயர் வீட்டுப் பெண். அந்த வேஷம் கட்டியவர் ரோசி. மதியச் சோற்றைக்கூட வீட்டிலிருந்தே கட்டிக்கொண்டு வருவாராம்.

கேப்பிடல் தியேட்டரில் படம் போட்ட அன்று நாயகி உள்ளே உட்காரக் கூடாது என்றார்கள். அவர் வந்தால் நாங்கள் வரமாட்டோம் என்று பெரிய மனிதர்களின் பிடிவாதம். நாயகன் அவர் கூந்தல் பூவை முத்தமிடும் காட்சியில் கல் பறந்தது, திரை கிழிந்தது. அப்புறம் அவர் குடிசைக்கும் தீ. ஒரு லாரியில் ஏறித் தப்பி, நாகர்கோவில் பக்கம் வந்து, அந்த ஓட்டுநரையே கட்டிக்கொண்டு, ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து மறைந்தார் என்கிறார்கள். ஒரே படம். அதன் சுருளும் இன்று இல்லை. ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்று எங்கள் அம்மா எதற்கெடுத்தாலும் சொல்வார்.

ஊமைப்படம் என்றதும் எங்கள் அப்பத்தா நினைவு வருகிறது. இந்தக் கரையில் டென்ட் கொட்டகை போட்ட காலம். எல்லாரும் மணலில்தான். முன்னால் இருப்பவர் தலை மறைத்தால் மணலைக் குவித்து மேலே ஏறி உட்கார வேண்டியது. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்வார். படத்தில் நாயகி படகில் போகிறாள், புயல் வருகிறது. 'ஐயோ, பேதைப் பெண்!' என்று அவர் உருகுகிறார். அப்பத்தா எழுந்துவிட்டார். 'ஏய், பாயை இறக்கச் சொல்லுடா! இந்தக் காத்துக்கு எவளாவது பாயை விரிச்சு வைப்பாளா?' கதை சொல்பவர் அதட்டியிருக்கிறார். 'கதையை நீ சொல்லு, கடலை நான் சொல்றேன்' என்றாராம். கொட்டகையே சிரித்ததில் படகு கரை சேர்ந்ததை யாரும் பார்க்கவில்லை. மறுநாள் தெருவெல்லாம் 'பாயை இறக்கு' என்று கேலி. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? ஆனால் அடுத்த படத்துக்கும் அப்பத்தா போனார், முதல் வரிசை மணலில்.

டேனியல் பெயரில் கேரள அரசு 1992 முதல் விருது தருகிறது. ரோசிக்கு 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் முகப்பில் படம் போட்டார்கள். சரி, நல்ல காரியம். அன்றைக்கு அவர் கேட்டிருந்தால் கேட்டிருக்கக்கூடியது அரங்கில் ஒரு நாற்காலிதான்.

நான் எதற்கு வருகிறேன் என்று தலைவர் அவர்களுக்குத் தெரியும், சிரிக்கிறார். நம் ஊரில் கடல்பாசி எடுக்கும் பெண்கள் விரலில் துணியைச் சுற்றிக்கொண்டு, கண்ணாடி மாட்டி, தீவோரம் முங்குகிறார்கள். நனைந்த சேலையோடு கரையேறினால் மாற்று உடுத்த ஒரு மறைப்பு உண்டா? படகு நிழலில், ஒருத்தி முந்தானையைப் பிடிக்க இன்னொருத்தி மாற்றுகிறாள். பேசுகிற வாய் அதையும் பேசுகிறது. உலைமூடி இல்லையென்றால் போகட்டும், நாலு சுவரும் கூரையும் ஒரு தண்ணீர்க் குழாயும் போதும். ரோசிக்கு விழா எடுக்கும் செலவில் பாதிகூட ஆகாது.

மைக் தம்பி கை காட்டுகிறார். நடிப்பும் படச்சுருளும் இன்னொரு நாள். மனு வாசல் மேசையில் இருக்கிறது, பேனாவும் கட்டி வைத்திருக்கிறேன். கையெழுத்துப் போட்டுவிட்டு டீ குடிக்கப் போங்கள். தலைவர் அவர்கள் முதல் கையெழுத்து.