காரிசன் என்கிற ப்ஸிலாண்டர்

(திரைப்படச் சங்கக் கூட்டம் ஒன்றில், ‘கோமாளி’ படத்தைத் திரையிடுவதற்கு முன் பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம். படம் போடுவதற்கு முன்னால் பதினைந்து நிமிடம் பேசச் சொன்னார்கள். இது மௌனப் படம் என்பதால், பேச வேண்டியதை எல்லாம் நான் இப்போதே பேசிவிட வேண்டும்.

நடிகரின் பெயர் வால்டெமார் ப்ஸிலாண்டர். டென்மார்க்காரர். முதல் தடவை சொல்லும்போது நாக்கு தடுக்கும். ரஷ்யர்களுக்கும் தடுக்கியதோ என்னவோ, அங்கே அவர் ‘காரிசன்’ ஆகிவிட்டார். காரிசன் படம் என்றால் கூட்டம் கூடும். கோபன்ஹேகனில் இருந்த அந்த மனிதருக்கும் அந்தப் பெயருக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. மௌனப் படத்தில் இது ஒரு வசதி. குரல் கிடையாது, காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டையை மாற்றினால் மொழி மாறிவிடும், பெயரையும் அப்படியே மாற்றிக்கொள்ளலாம்.

இன்னொன்றையும் நினைவில் வையுங்கள். சினிமா தொடங்கிய முதல் சில ஆண்டுகளில் நடிகர்களுக்குப் பெரும்பாலும் பெயரே போடமாட்டார்கள். கம்பெனியின் முத்திரைதான் பேசும். டென்மார்க்கின் நோர்டிஸ்க் கம்பெனிக்கு உலக உருண்டையின் மேல் நிற்கும் ஒரு பனிக்கரடி முத்திரை. 1906-இல் அதைத் தொடங்கிய ஓலே ஓல்சன், சந்தைகளில் வேடிக்கை காட்டிப் பிழைத்து முன்னுக்கு வந்தவர். ஜனங்களுக்கு எது பிடிக்கும் என்று மோப்பம் பிடிப்பதில் ஆள் கெட்டிக்காரர். கோபன்ஹேகனை ஒட்டிய வால்பியில் அவர் கட்டிய படப்பிடிப்புத் தளங்களுக்குக் கண்ணாடிக் கூரை, கண்ணாடிச் சுவர். சூரிய வெளிச்சத்தில்தான் வேலை. நடிகர்கள் பலர் பகலில் அங்கே வந்து நடித்துவிட்டு ராத்திரி நாடக மேடைக்குப் போவார்கள்.

ப்ஸிலாண்டரும் நாடகத்திலிருந்து வந்தவர்தான். 1884 மே மாதம் கோபன்ஹேகனில் பிறந்தார். மேடையில் பெரிய பேர் ஒன்றும் கிடைக்கவில்லை. 1910-இல் ஒரு சின்னக் கம்பெனி எடுத்த படத்தில், ஆஸ்கார் வைல்டின் நாவல் நாயகன் டோரியன் கிரே ஆக நடித்தார். அடுத்த ஆண்டு, 1911-இல், எல்லாம் ஒரே நேரத்தில் நடந்தது. நோர்டிஸ்க்குக்காக ஆகஸ்ட் ப்ளோம் இயக்கிய ‘சிறைவாசலில்’ வந்தது. வசதியான விதவைத் தாயின் மகன், வட்டிக்கடைக்காரனிடம் கடன்பட்டு, கடைசியில் அம்மா பணத்திலேயே கைவைக்கிறான். போதாததற்கு, வட்டிக்கடைக்காரனின் மகள்மீதே காதல். கதை நமக்குப் புதிதல்ல, இப்படி எத்தனை பார்த்திருக்கிறோம்! ஆனால் பத்து நிமிடத் துண்டுப் படங்களே வழக்கமாக இருந்த காலத்தில், இப்படி முக்கால் மணி நேரம் ஓடும் கதைகளை டென்மார்க்காரர்கள் துணிந்து எடுத்தார்கள். அவ்வளவு நேரம் ஒரே ஆளைப் பார்த்துக்கொண்டிருந்தால் அந்த ஆளின் பெயர் என்னவென்று கேட்கத் தோன்றும் இல்லையா? அப்படித்தான் நடிகர்களுக்குப் பெயர் வந்தது என்பது என் கணிப்பு.

அதே ஆண்டில், டென்மார்க்கின் புகழ்பெற்ற நடிகை ஆஸ்டா நீல்சனோடு இரண்டு படங்கள் செய்தார். அந்த அம்மாள் சீக்கிரமே ஜெர்மனிக்குப் போய்விட்டார். இவர் டென்மார்க்கிலேயே தங்கினார். பிறகு ஆறு ஆண்டுகளுக்குள் 80-க்கும் மேற்பட்ட படங்கள். பட்டியலைப் படித்தால் சிரிப்பு வரும்: பிரபு, லெப்டினன்ட், டாக்டர், மறுபடியும் பிரபு. போட்டிருக்கும் கோட்டு மாறினால் பாத்திரம் மாறிவிடும் என்கிற மாதிரி. பாதிக்கு மேல் ஒரே அச்சில் வார்த்த கதைகள்தான், மறைத்துச் சொல்வதில் லாபமில்லை.

அப்படியானால் அவரிடம் என்னதான் இருந்தது?

அந்தக் காலத்து நோர்டிஸ்க் படங்களில் கேமரா நடிகரின் முகத்துக்குப் பக்கத்தில் வருவது அபூர்வம். தள்ளி நிற்கும், அசையாது. ஒரு முழுக் காட்சியும் வெட்டே இல்லாமல் ஓடும். தலை முதல் கால் வரை நடிகர் தெரிவார். இந்த நிலையில் மேடையிலிருந்து வந்தவர்கள் என்ன செய்வார்கள்? கையை வீசுவார்கள், நெஞ்சில் அடித்துக்கொள்வார்கள். தூரத்திலிருப்பவனுக்கும் தெரிய வேண்டுமே! ப்ஸிலாண்டர் குறைத்துக்கொண்டார். உயரமான ஆள். சும்மா நிற்பார். அறைக்குள் மற்றவர்கள் அல்லாடிக்கொண்டிருக்கும்போது இவர் மெதுவாகத் திரும்புவார், நம் கண் இவர்மேல் போய் நிற்கும். இரைச்சலான கல்யாண வீட்டில் ஒருவர் மட்டும் பேசாமல் உட்கார்ந்திருந்தால் எல்லோரும் அவரையே பார்ப்போமே, அந்தக் கணக்கு.

1915-இல் வந்த ‘நற்செய்தியாளரின் வாழ்க்கை’யில் இதை நன்றாகப் பார்க்கலாம். ஹோல்கர்-மாட்சன் இயக்கியது. தவறான வழியில் போகப் பார்க்கும் ஓர் இளைஞனுக்கு ஒரு போதகர் தன் பழைய கதையைச் சொல்கிறார். பணக்கார வாலிபன், பிறகு கைதி, பிறகு போதகர். மூன்று பேரையும் ஒரே உடம்பில் காட்ட வேண்டும். தோள் இறங்குவதில், நடை சுருங்குவதில் காட்டிவிடுகிறார்.

ஐரோப்பா முழுக்க, முக்கியமாக ஜெர்மனியிலும் ரஷ்யாவிலும், அவர் முகத்துக்கு மவுசு இருந்தது. ரஷ்யா பற்றி ஒரு சுவையான செய்தி உண்டு. அங்கே சோக முடிவுதான் ஓடும் என்பது நோர்டிஸ்க்கின் வியாபாரக் கணக்கு. அதனால் சில படங்களுக்கு ரஷ்யாவுக்கென்று தனியாக ஒரு முடிவு எடுத்து அனுப்புவார்கள். 1913-இல் வந்த ‘அட்லாண்டிஸ்’ அப்படிப்பட்டது. அதில் இவர் இல்லை, ஆனால் அந்த முறை எப்படிப்பட்டது என்பதற்கு அது நல்ல உதாரணம். கதாநாயகன் கோபன்ஹேகனில் பிழைப்பான், மாஸ்கோவில் சாவான்.

சரி, அவ்வளவு மவுசு இருந்தால் சம்பளம் பற்றிய பேச்சு வராமல் இருக்குமா? வந்தது. படத்தை விற்றது பனிக்கரடியா, என் முகமா என்பதுதான் உள்ளே இருந்த கேள்வி. ஓல்சனோடு ஒத்துவரவில்லை. 1916 முடிவில் நோர்டிஸ்க்கை விட்டு வெளியே வந்து சொந்தக் கம்பெனி தொடங்கினார். பெயர் ‘ப்ஸிலாண்டர் ஃபிலிம்’. வேறு எந்தப் பெயரை வைப்பார்!

அந்தக் கம்பெனி ஒரு படம்கூட எடுக்கவில்லை. 1917 மார்ச் 6 அன்று கோபன்ஹேகனின் பிரிஸ்டல் ஹோட்டல் அறையில் அவர் இறந்து கிடந்தார். வயது 32. இதயம் நின்றதாகச் சொன்னார்கள். தற்கொலை என்ற பேச்சும் கிளம்பியது, இன்றுவரை ஓயவில்லை. நான் அதற்குள் போகவில்லை. இரண்டு நாள் கழித்து, மார்ச் 8 அன்று, ரஷ்யத் தலைநகர் பெட்ரோகிராடில் புரட்சி வெடித்தது. ‘காரிசன்’ என்று அவரைக் கொண்டாடிய ரஷ்யாவும் அதோடு போயிற்று. அந்த ஆண்டு டிசம்பரில் ஜெர்மனியில் ‘ஊஃபா’ என்ற பெரிய படக் கம்பெனி உருவானபோது, நோர்டிஸ்க் அங்கே வைத்திருந்த சொத்துகள் அதற்குள் போய்ச் சேர்ந்தன. பனிக்கரடியும் சறுக்கத் தொடங்கியது.

அவருடைய இடத்தை நிரப்ப நோர்வேக்காரர் குன்னார் டோல்னேஸை நோர்டிஸ்க் கொண்டுவந்தது. அவரை மகாராஜா வேஷம் கட்டவைத்து, தலைப்பாகையும் அந்தப்புரமுமாக ஓர் ‘இந்திய’ப் படம் எடுத்து நன்றாகவே சம்பாதித்தார்கள். அந்தக் கொடுமையை இன்னொரு நாள் போடலாம்.

ஆனால் ப்ஸிலாண்டர் நடித்து முடித்துவைத்த படங்கள் கிடங்கில் இருந்தன. அவர் போன பிறகும் ஒவ்வொன்றாக வெளிவந்தன. அதில் ஒன்றுதான் இன்றைக்கு நாம் பார்க்கப்போகும் ‘கோமாளி’. ஏ. டபிள்யூ. சாண்ட்பெர்க் இயக்கி, 1916-இல் எடுத்தது. பிரபு வேஷமெல்லாம் இல்லை. ஊர் ஊராகப் போகும் சின்ன சர்க்கஸின் கோமாளி, ஜோ ஹிக்கின்ஸ். இதில் பிரபு வேறொருவர், இவருடைய மனைவியின் மனத்தைக் கலைக்க வருகிறவர். இதே இயக்குநர் 1926-இல் இதே கதையை ஸ்வீடன் நடிகர் யோஸ்டா எக்மனை வைத்து மறுபடி எடுத்தார். அது பகட்டான படம். எனக்கு இந்தப் பழையதுதான் பிடிக்கும்.

ஒரே ஒரு வேண்டுகோள். நோர்டிஸ்க் தளங்களில் முகம் பார்க்கும் கண்ணாடியை ஒரு தந்திரமாக வைப்பார்கள். கேமராவை நகர்த்தாமலே, அதன் பார்வைக்கு வெளியே நடப்பதைப் படத்துக்குள்ளே கொண்டுவர அது உதவும். ஜோ தன் மனைவியைப் பற்றிய உண்மையை அப்படி ஒரு கண்ணாடியில்தான் பார்க்கிறார். அந்த இடத்தில் கண்ணாடியை விட்டுவிட்டு அவருடைய முதுகையும் கழுத்தையும் கவனியுங்கள். பின்வரிசைக்காரர்கள் முன்னால் வந்து உட்காரலாம், நாற்காலி காலியாகத்தான் இருக்கிறது. தம்பி, விளக்கை அணைத்துவிடுங்கள்.