ஜோக் இல்லாதவருக்கு எழுதறது

வணக்கமுங்க. டிவி தொடர்களுக்கு நகைச்சுவை எழுதறது என் பொழப்பு. சொந்த ஊர் காங்கேயம் பக்கம். ஜோக்காச் சொல்லித் தள்ளுவேன்னு ரேடியோவைத் திருப்பி வெச்சிருந்தீங்கன்னா, மன்னிக்கோணும். எழுதறவங்கள்ல பாதிப் பேரு வீட்டுல சிடுமூஞ்சிதானுங்க.

இந்தத் தொழிலுக்குப் படிப்புன்னு ஒண்ணும் கிடையாது. சென்னையில தொலைக்காட்சி வந்தது 1975-ல. மேடை நாடகம் போட்டவங்கதான் அங்கேயும் போனாங்க. கிரேஸி மோகன் கிண்டியில இன்ஜினீயரிங் படிச்சு, கம்பெனி வேலை பார்த்துக்கிட்டே மேடைக்கு எழுதினவர். சின்னத்திரை, சினிமா எல்லாம் அப்புறம். ஆளு மெட்ராஸு. ஆனா 1995-ல வந்த 'சதி லீலாவதி'யில கமலும் கோவை சரளாவும் நம்ம ஊர்ப் பேச்சுப் பேசறாங்களே, அதுக்கு வசனம் அவர்தான்.

சரி, நான் எங்கே பேசினாலும் சொல்றது ஒண்ணே ஒண்ணு. ஜோக் அடிக்கிறவருக்கு எழுதிறலாம். மாட்டிக்கிட்டு முழிக்கிறவருக்கு எழுதறதுதான் கஷ்டம். வாழைப்பழக் காமெடியில செந்தில் சொல்றதையே திருப்பித் திருப்பிச் சொல்றார். நாம பார்க்கறது யாரை? கவுண்டமணி மூஞ்சியை. அதுவும் நம்ம உடுமலைப் பக்கத்து மூஞ்சி! எழுதினது ஏ. வீரப்பன். அந்தப் பேரு எத்தனை பேருக்குத் தெரியும்?

என் தொடர்ல ஒரு காட்சி வெச்சேன். மச்சினன் வாங்கின கடனைக் கேட்க அக்கா வீட்டுக்காரர் போறார். வாசல்லயே, "வாங்க மச்சான், அக்கா வரலீங்களா?" தண்ணிச் சொம்பு வந்துருது. "அங்க மழை உண்டுங்களா?" "ஒரு உழவு மழை பேஞ்சுது மாப்ள." "எருமை கன்னு போட்டுருச்சுங்களா?" "போட்டுருச்சு. அந்தப் பணம்..." "இருங்க மச்சான், ஒரு வாய் சாப்புட்டுட்டுப் பேசலாம்." கடைசி வரைக்கும் பேசவே விடல. ஒரு பை முருங்கைக்காயைக் கையில குடுத்து பஸ் ஏத்தி விட்டுடறான்.

தொடர் எடுக்கறவங்க படிச்சுப் பார்த்துட்டு, "நாலு திட்டு திட்டினாத்தானே சிரிப்பு வரும்?"னாங்க. எங்கூர்ல மச்சினனைத் திட்டிட்டு யாருங்க அந்த வீட்டுல சோறு திங்கறது? மச்சானா நடிச்சவருக்கும் மனக்குறை, தனக்கு ஜோக்கே இல்லைன்னு. "நீங்க சொம்பைக் கீழ வெக்காம நில்லுங்க, அது போதும்"னேன். டேக்ல அவர் ஒவ்வொரு தடவை வாயைத் திறக்கறப்பவும் சொம்புத் தண்ணி கொஞ்சம் சிந்துச்சு. அதை நான் எழுதவே இல்லீங்க. கேமராக்காரர்தான் முதல்ல சிரிச்சார். அதனாலதான் மறுபடியும் சொல்றேன், முழிக்கிறவருக்கு எழுதுங்க.

அரை மணி நேரத் தொடர்னா விளம்பரம் போக இருபது நிமிஷத்துச் சொச்சம்தான் கையில நிக்கும். இடைவேளைக்கு முன்னாடி வர்ற வரியில ஆளைப் பிடிச்சு உக்கார வெக்கோணும், இல்லைன்னா சேனலை மாத்திருவாங்க. நடிகர் ஒருத்தர் வரலைன்னா அவர் வசனத்தைப் பாட்டி வாயில போட்டு, அரை மணி நேரத்துல மாத்திக் குடுக்கோணும். இதைப் பத்தி நிறையப் பேசலாம்னுதான் வந்தேன்...

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை காட்டறாங்க. புதுசா எழுத வர்றவங்களுக்குன்னு ஒரு பக்கம் குறிச்சு வெச்சிருந்தேனுங்க. அதுல ரெண்டு மட்டும். எபிசோடுக்கு எவ்வளவுன்னு முன்னாடியே பேசிக்குங்க. டைட்டில்ல பேரு வரும்னு எழுத்துல வாங்கிக்குங்க. வாயால சொன்னா நம்பாதீங்க. வரட்டுங்களா?