காகிதத்தில் பிழைத்த தொழிற்சாலை

தலைவர் அவர்களே, ஆயிரம் அலுவல்களுக்கு நடுவே வந்திருக்கும் சட்டமன்ற உறுப்பினர் அவர்களே, நகரமன்றத் தலைவர் அம்மா அவர்களே, எனக்குப் பொன்னாடை போர்த்திய நூலகர் ஐயா அவர்களே, ஷிப்ட் முடிந்து வீட்டுக்குக்கூடப் போகாமல் வந்து உட்கார்ந்திருக்கும் மில் தோழர்களே, வணக்கம். யார் பெயராவது விட்டுப்போயிருந்தால் பொறுத்தருள வேண்டும்.

மௌனப் படக் காலத்துத் தொழிற்சாலைப் படங்கள் பற்றி எந்திரம், தொழிலாளி, பாதுகாப்பு என்று மூன்று தலைப்பில் பேசுவேன் என அழைப்பிதழ் சொல்கிறது. பார்ப்போம்.

1904-இல் அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் பக்கம், மின் எந்திரங்களும் ரயில் பிரேக்குகளும் செய்த வெஸ்டிங்ஹவுஸ் கம்பெனியின் ஆலைகளுக்குள் பில்லி பிட்ஸர் என்ற ஒளிப்பதிவாளர் நுழைந்தார். உள்ளே இருட்டு. பாதரச ஆவி விளக்குகளைக் கட்டினார்கள். தலைக்கு மேல் ஓடுகிற கிரேனில் கேமராவை ஏற்றி, பட்டறையை நெடுகக் காட்டினார். கம்பெனி தன் பெருமைக்கு எடுத்த படம்தான். செயின்ட் லூயிஸ் உலகக் கண்காட்சியில் காட்டினார்கள். ஆனால் அதில் பெண்கள் வரிசையாக வந்து டோக்கன் எடுத்துக்கொண்டு விறுவிறுவென்று போகிறார்கள் பாருங்கள், நம் மில் கேட்டேதான்!

இந்தப் படம் பிழைத்த கதையைக் கேளுங்கள். அன்றைய அமெரிக்கச் சட்டத்தில் புகைப்படத்துக்குப் பதிப்புரிமை உண்டு, சினிமாவுக்குக் கிடையாது. படமெடுத்த கம்பெனிக்காரன் விடுவானா? படம் முழுவதையும் நீளமான காகிதச் சுருளில் அச்செடுத்து, "இதுவும் போட்டோதானே ஐயா" என்று அமெரிக்க நாடாளுமன்றத்தின் காங்கிரஸ் நூலகத்தில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டான். 1912-இல் சட்டம் மாறியது. சுருள்களை எல்லாரும் மறந்தார்கள். அந்தக் கால நைட்ரேட் பிலிமோ தீப்பிடிக்கும், உளுத்துப் பொடியாகும். கடைசியில் காகிதம்தான் மிஞ்சியது! பிற்காலத்தில் அதை ஒவ்வொரு பிரேமாகப் படம்பிடித்து மறுபடி பிலிமாக்கினார்கள். படக் கம்பெனிக்காரன் புத்தியால் பிழைத்த படமய்யா அது.

நமக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த 'கீசக வதம்', தென்னிந்தியாவின் முதல் மௌனப் படம், ஒரு துண்டுகூட இல்லை. கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்!

மூடிய மில்களின் ஆபீஸ் அலமாரிகளில் பழைய ரீல்களும் ஆல்பங்களும் கிடக்கலாம். எடைக்குப் போட்டுவிட்டு ஆராய்ச்சி மாநாடு கூட்டினால் அதுவும் கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்தான். மாவட்ட நூலகத்தில் குளிரூட்டிய ஓர் அறை, ஒரு ஸ்கேனர், ஓர் ஊழியர், இவ்வளவுதான் கேட்கிறோம். சட்டமன்ற உறுப்பினர் அவர்கள் சிரிக்கிறார்கள். சம்மதம் என்றே எடுத்துக்கொள்கிறேன்.

எந்திரங்களைப் பற்றிப் பேச நேரமில்லை, தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். அந்த அறை கேட்கும் மனு வாசல் மேசையில் இருக்கிறது. கையெழுத்துப் போட்டுவிட்டுப் போங்கள். நன்றி, வணக்கம்.